போர்க்களம் என்று காட்டப்பட்ட கவாத்து மைதானம்

கேள்வியை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். ‘1898, கியூபா, அசல் போர்க்காட்சி’ என்ற குறிப்போடு ஏறத்தாழ ஒரு நிமிடம் ஓடும் கறுப்பு வெள்ளைக் காணொளி ஒன்று கைப்பேசிகளில் சுற்றி வருகிறது. வெள்ளை உடுப்பு அணிந்த சிலர் மரங்களுக்கிடையிலிருந்து வெளிப்பட்டு நம் பக்கமாகச் சுட்டுக்கொண்டே பின்வாங்குகிறார்கள். அவர்களைத் துரத்தியபடி புகைக்குள்ளிருந்து அமெரிக்கக் கொடியோடு ஒரு படை முன்னேறுகிறது. கொடி பிடித்தவர் விழுந்ததும் இன்னொருவர் அதைத் தூக்கிக்கொள்கிறார். இது உண்மையான போரா, பயிற்சியா, நடிப்பா என்பது கேள்வியின் முதற்பகுதி. அந்தக் காலத்துப் படங்களில் படைவீரர்கள் பயிற்சி செய்யும் காட்சிகளே ஏராளமாகக் கிடைப்பதற்கும், சண்டைக் காட்சிகள் அரிதாக இருப்பதற்கும் என்ன காரணம் என்பது இரண்டாம் பகுதி.

முதற்பகுதிக்குப் பதில் எளிது: அது நடிப்பு. எடிசன் நிறுவனம் எடுத்து 1899 ஜூன் 5 அன்று பதிப்புரிமைக்குப் பதிவு செய்த படம் அது. அதன் தலைப்பைத் தமிழில் ‘கலோக்கானில் கான்சாஸ் தன்னார்வப் படையின் முன்னேற்றம்’ என்று சொல்லலாம். கலோக்கான் இருப்பது பிலிப்பீன்ஸில், மணிலாவுக்குப் பக்கத்தில். எனவே காணொளியின் குறிப்பில் ஆண்டும் தவறு, நாடும் தவறு. அங்கே 1899 பிப்ரவரியில் உண்மையாகவே ஒரு சண்டை நடந்தது. ஆனால் படம் எடுக்கப்பட்டது அமெரிக்காவின் நியூ ஜெர்சி மாநிலத்தில், எடிசனின் ஆய்வுக்கூடம் இருந்த வட்டாரத்தில். உள்ளூர்த் தேசியக் காவல்படையினர் அமெரிக்க வீரர்களாக வந்தார்கள், கறுப்பின அமெரிக்கர்கள் பிலிப்பீன்ஸ் வீரர்களாக நடித்தார்கள்.

ஏட்டுச் சான்று எதுவும் கையில் இல்லாவிட்டாலும் இதைக் கண்டுபிடித்துவிடலாம். காட்சியைப் பார்க்கும்போது, படக்கருவி எங்கே நிற்கிறது என்று மட்டும் ஒரு கணம் யோசித்துப் பாருங்கள். பின்வாங்குபவர்கள் கருவியின் பக்கமாக வருகிறார்கள், துரத்துபவர்களும் கருவியை நோக்கியே சுடுகிறார்கள். அப்படியானால் ஒளிப்பதிவாளர் இரு தரப்புக்கும் நடுவில், முக்காலியின்மேல் கருவியை ஏற்றி வைத்து, நிமிர்ந்து நின்று, அவசரமே இல்லாமல் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்திருக்க வேண்டும். சட்டகம் இம்மியும் அசையவில்லை. கொடி பிடித்தவர் விழும் இடமும் படத்தின் நடுப்பகுதிக்குச் சரியாக வந்து அமைகிறது. தோட்டாக்கள் வெற்றுத் தோட்டாக்கள் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டியதில்லை.

இரண்டாம் பகுதிக்குத்தான் விரிவான பதில் தேவைப்படுகிறது. திரைப்படம் பிறந்த 1895 முதல் முதல் உலகப் போரின் நடுப்பகுதி வரை, ஏறத்தாழ இருபது ஆண்டுகள், படக்கருவியின் கண்ணுக்கு எட்டிய படைவாழ்வு என்பது கவாத்து, அணிவகுப்பு, முகாம், கப்பலேற்றம், கப்பலிலிருந்து இறக்கம் ஆகியவையே பெரும்பாலும். போர் அதன் கண்ணுக்கு அரிதாகவே எட்டியது. போர்க்காட்சி என்று அந்தக் காலத்திலிருந்து நமக்கு வந்து சேர்ந்தவற்றில் பெரும்பாலானவை, ஒன்று பயிற்சிக் காட்சிக்குப் போர் என்று பெயர் ஒட்டப்பட்டவை, இல்லையென்றால் பயிற்சி பெற்ற ஆட்களை வைத்து நடித்துக் காட்டியவை.

இதற்கு முதற்காரணம் கருவி. பிரான்ஸில் திரைப்படக் காட்சியைத் தொடங்கிவைத்த லூமியேர் சகோதரர்களின் கருவி ஐந்து கிலோ அளவே எடை கொண்டது, எங்கும் தூக்கிச் செல்லலாம் என்பது உண்மைதான். ஆனால் அதில் ஏற்றக்கூடிய சுருளின் நீளம் 17 மீட்டர். நொடிக்கு 16 சட்டகம் என்ற கணக்கில் கைப்பிடியைச் சுற்றினால் ஐம்பது நொடிக்குள் சுருள் தீர்ந்துவிடும். எந்த ஐம்பது நொடியில் என்ன நடக்கும் என்று முன்கூட்டியே தெரிந்தால்தான் அதை வைத்துப் படம் எடுக்க முடியும். கவாத்தில் அது தெரியும், ஏனென்றால் ஆணை பிறந்ததும் வரிசை நகரும். வேண்டுமானால் அதிகாரியிடம் சொல்லி இன்னொரு முறையும் நடத்திக் காட்டச் சொல்லலாம். போரில் யாரிடம் போய் அப்படிக் கேட்பது? இரண்டாவது காரணம் போரின் இயல்பே மாறிப்போயிருந்தது. 1880களில் பிரெஞ்சுப் படை புகையற்ற வெடிமருந்தைக் கொண்டுவந்து, மற்ற நாடுகளும் அதைப் பின்பற்றிய பிறகு, துப்பாக்கிகள் கிலோமீட்டர் கணக்கான தொலைவிலிருந்து சுட்டன. சுடுபவர் எங்கே பதுங்கியிருக்கிறார் என்பது எதிரே நிற்கும் படைவீரருக்கே தெரியாத நிலையில், சாதாரண லென்ஸ் பொருத்திய கருவிக்கு வெறும் மேடும் புல்லும்தான் தெரியும். மூன்றாவது காரணம் தளபதிகள். கவாத்தைப் படம் எடுப்பது படைக்கு ஆள் சேர்க்க உதவும் என்பதால் அதற்கு அனுமதி எளிதில் கிடைத்தது, முன்னணிக்குக் கிடைக்கவில்லை.

உண்மையில் திரைப்படத்துக்கும் படைப்பயிற்சிக்கும் உள்ள உறவு திரையரங்குக்கு முந்தையது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. பாரிஸில் எத்தியேன் ழூல் மாரே 1882இல் அமைத்த உடலியக்க ஆய்வு நிலையத்தில், அவரும் அவருடைய உதவியாளர் ழார்ழ் டெமெனியும் ஓட்டம், நடை, தாவல் ஆகியவற்றைத் தொடர்படங்களாக எடுத்து அளந்தார்கள். அவர்கள் கருவியின் முன் நடந்தும் ஓடியும் காட்டியவர்களில் ழுவான்வில் நகரின் படைத்துறை உடற்பயிற்சிப் பள்ளியினர் முக்கியமானவர்கள். முதுகுமூட்டையோடு நடக்கும் படைவீரர் எந்த அடி நீளத்தில் நடந்தால் களைப்பு குறையும் என்பது அந்தக் காலத்தில் பிரெஞ்சுப் படைக்குப் பெரிய கேள்வி. 1870இல் ஜெர்மானியரிடம் பட்ட அடி அதற்குள் ஆறியிருக்கவில்லை. முழங்காலைச் சற்று மடக்கி, உடலை முன்சாய்த்து நடக்கும் ஒரு நடைமுறையை ராவுல் என்ற படை அதிகாரி முன்வைத்தார். ஃபெலிக்ஸ் ரெஞ்ஞோ என்ற மருத்துவர் 1890களில் மாரேயின் நிலையத்தில் அந்த நடையைத் தொடர்படங்களாக எடுத்து ஆராய்ந்தார். படைவீரர் பயிற்சியின் மிகப் பழைய இயங்குபடங்கள் எவை என்று யாராவது கேட்டால் நான் முதலில் காட்டுவது இவற்றைத்தான். இவை பொதுமக்களுக்குக் காட்ட எடுக்கப்பட்டவை அல்ல என்பதாலேயே இவற்றில் பாசாங்கும் கிடையாது.

பொதுமக்கள் காசு கொடுத்துப் பார்த்த முதல் லூமியேர் நிகழ்ச்சியிலும், அதாவது 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் காட்டிய பத்துப் படங்களிலும், இரண்டு படங்கள் படைப் பாசறையை நினைவூட்டுபவை. ஒன்றில் ஒருவர் குதிரைமேல் தாவி ஏறப் பழகுகிறார், தவறுகிறார், மறுபடி தாவுகிறார். இன்னொன்றில் நால்வர் நான்கு மூலையிலும் பிடித்திருக்கும் போர்வைக்குள் ஒருவர் ஓடி வந்து பாய்கிறார். போர்வை விளையாட்டு ஐரோப்பியப் பாசறைகளில் புதிதாக வந்தவர்களைச் சீண்டும் வழக்கங்களில் ஒன்று, நம் ஊர்க் கல்லூரி விடுதிகளில் ஒரு காலத்தில் நடந்த ‘ராகிங்’ போல. அடுத்த ஆண்டே லூமியேர் நிறுவனத்தின் ஒளிப்பதிவாளர்கள் நாடு நாடாகப் போனார்கள். அலெக்சாந்தர் புரோமியோ ஸ்பெயினில் குதிரைப்படையின் பாய்ச்சலையும் பீரங்கிப் பயிற்சியையும் எடுத்தார். நிறுவனத்தின் விற்பனைப் பட்டியலில் படைத்துறைக் காட்சிகள் பெரும் பகுதியாகவே வளர்ந்தன.

அந்த நிறுவனத்தின் ஒளிப்பதிவாளர் பிரான்சிஸ் தூப்லியே பிற்காலத்தில் சொன்ன ஒரு கதை இங்கே மிகவும் பொருந்தும். 1898இல் அவர் தென் ரஷ்யாவில் யூதர்கள் நிறைந்த ஊர்களில் படம் காட்டிக்கொண்டிருந்தார். எங்கும் டிரைஃபஸ் வழக்கைப் பற்றியே பேச்சு. தேசத்துரோகி என்று பொய்க்குற்றம் சாட்டித் தீவாந்தரத்துக்கு அனுப்பப்பட்ட பிரெஞ்சுப் படையின் அந்த யூத அதிகாரியின் படம் ஏதும் இல்லையா என்று மக்கள் கேட்டார்கள். தூப்லியே தன்னிடமிருந்த சுருள்களைக் கிளறினார்: ஒரு பிரெஞ்சு அதிகாரி தலைமையில் செல்லும் அணிவகுப்பு, பெரிய கட்டடம் தெரியும் ஒரு பாரிஸ் தெருக்காட்சி, பின்லாந்துக் கடலில் ஓர் இழுவைப்படகு, நைல் நதியின் முகத்துவாரம். இவற்றை ஒன்றன்பின் ஒன்றாக ஓட்டி, இதோ கைதாவதற்கு முன் டிரைஃபஸ், இதோ நீதிமன்றம், இதோ அவரைக் கொண்டுபோகும் கப்பல், இதோ சிறைத்தீவு என்று வாயால் சொல்லிக்கொண்டே போனார். அரங்கம் கண்கலங்கியது. டிரைஃபஸ் கைதானது 1894இல், லூமியேர் கருவி பிறப்பதற்கு முந்தைய ஆண்டு என்ற கணக்கு அங்கே யாருக்கும் உடனே தோன்றவில்லை. அந்த அணிவகுப்புச் சுருளில் போலி எதுவும் இல்லை; வழக்கமான ஒரு கவாத்து நாளில் யாரோ எடுத்த நேர்மையான பதிவு அது. பொய் முழுவதும் வாய்மொழியில் இருந்தது.

அமெரிக்காவிலும் இதே ஆண்டு இதே வித்தை நடந்தது. 1898 பிப்ரவரி 15 அன்று ஹவானா துறைமுகத்தில் ‘மெய்ன்’ என்ற அமெரிக்கப் போர்க்கப்பல் வெடித்து மூழ்கியதும், பயோகிராஃப் நிறுவனம் ‘அயோவா’, ‘மாசசூசெட்ஸ்’ என்ற இரு கப்பல்களைக் காட்டும் தன் பழைய படத்தை எடுத்துப் பெயரை மட்டும் மாற்றி, ‘மெய்ன்’, ‘அயோவா’ என்று திரையிட்டது. பார்வையாளர்கள் எழுந்து நின்று கூச்சலிட்டார்கள்.

இப்போது 1898க்கு வருகிறேன். உங்கள் காணொளியின் குறிப்பு உரிமை கோரும் அந்தப் போரில், அதாவது அமெரிக்காவும் ஸ்பெயினும் மோதிய போரில், உண்மையாகவே எடுக்கப்பட்ட படங்கள் இருக்கின்றன, அவை என் பார்வையில் போலிகளைவிடப் பல மடங்கு சுவையானவை. எடிசன் நிறுவனத்துக்காக வில்லியம் பேலி என்ற ஒளிப்பதிவாளர் புளோரிடாவின் தாம்பா நகருக்குச் சென்றார். கியூபாவுக்குக் கப்பலேற வேண்டிய படை அங்கேதான் கூடாரமடித்துக் காத்துக் கிடந்தது. ரயில் பெட்டிகளிலிருந்து ஒரு காலாட்படைப் பிரிவு மூட்டை முடிச்சோடு இறங்குகிறது, காலையில் வரிசையாக நின்று முகம் கழுவுகிறார்கள், பாத்திரம் துலக்குகிறார்கள், ஓடும் ரயிலிலிருந்து எடுத்த காட்சியில் கூடாரங்கள் முடிவில்லாமல் நகர்கின்றன, பழக்கப்பட்ட படைக்குதிரைகள் ஆணைக்குப் பணிகின்றன. ஒஹாயோ மாநிலத் தன்னார்வப் படையினர் ஒரு புதியவரைப் போர்வையில் வைத்து வானத்தில் தூக்கி எறியும் படமும் இதில் உண்டு. லியோனில் லூமியேர் எடுத்ததும் தாம்பாவில் பேலி எடுத்ததும் அடுத்தடுத்துப் பார்க்க வேண்டியவை. இரண்டு கண்டங்கள், மூன்று ஆண்டு இடைவெளி, அதே போர்வை.

இந்தப் படங்களில் போர் இல்லை என்று அலுத்துக்கொள்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றுவதில்லை. ஒரு படையின் நாளில் சண்டை மிகச் சிறு பங்கு; மற்ற நேரமெல்லாம் காத்திருப்பு, சுமப்பு, கழுவல், வரிசை. அதைத்தான் இந்தச் சுருள்கள் காட்டுகின்றன. சட்டகத்தின் ஓரத்தில் நிற்பவர்கள் சட்டென்று கருவியைப் பார்த்துவிட்டுச் சிரிப்பதும், பக்கத்திலிருப்பவரை முழங்கையால் இடிப்பதும் அப்படியே பதிந்திருக்கின்றன. நடித்த படத்தில் யாரும் கருவியைப் பார்க்கமாட்டார்கள், ஏனென்றால் பார்க்கக் கூடாது என்று முன்பே சொல்லப்பட்டிருக்கும். அசல் எது என்று தேடுபவர்களுக்கு இது ஓரளவு நம்பத்தக்க அடையாளம்.

பேலி கியூபாவுக்கும் சென்றார். தைக்கிரி கடற்கரையில் படை இறங்குவதை எடுத்தார். அதற்குமேல் உள்நாட்டுக்குள் போகும் வழியில் அவர் வண்டி பழுதாகி, இரவு முழுவதும் மழையில் கிடந்து, காய்ச்சலில் விழுந்து, கருவியும் இயங்காமல் போய்த் திரும்பிவிட்டார். போரின் முக்கியச் சண்டை நடந்தபோது அங்கே இயங்கிக்கொண்டிருந்த எடிசன் கருவி ஒன்றுகூட இல்லை. ஆனால் மக்களோ சண்டையைப் பார்க்கத் துடித்தார்கள். எனவே நியூ ஜெர்சியிலேயே ஒரு பாழடைந்த கட்டடத்தின் முன் ‘கியூபப் பதுங்கித்தாக்கல்’, ‘பிடிபட்ட கிளர்ச்சியாளர்களைச் சுடுதல்’ போன்ற படங்கள் நடித்து எடுக்கப்பட்டன. அடுத்த ஆண்டு கலோக்கான் படமும் அந்த வரிசையில் வந்தது.

இவை நம் காலம் வரை தப்பிப் பிழைத்ததற்கு ஒரு விந்தையான சட்டக் காரணம் உண்டு. 1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் திரைப்படம் என்ற இனமே கிடையாது, ஒளிப்படம் மட்டும் உண்டு. எனவே நிறுவனங்கள் முழுப் படத்தையும் நீளமான காகிதச் சுருளில் ஒளிப்படங்களாக அச்சிட்டு அமெரிக்க நாடாளுமன்றத்தின் காங்கிரஸ் நூலகத்தில் பதிவு செய்தன. தீப்பிடிக்கும் நைட்ரேட் சுருள்கள் எரிந்தும் மட்கியும் அழிந்துபோக, அந்தக் காகிதங்கள் அலமாரியில் பத்திரமாகக் கிடந்தன. ஏறத்தாழ மூவாயிரம் படங்கள் அப்படிக் கிடைத்து, 1950களிலிருந்து சட்டகம் சட்டகமாக மறுபடி படச்சுருளுக்கு மாற்றப்பட்டன. நீங்கள் பார்த்த காணொளியின் மங்கலும் புள்ளியும் போரின் புகையால் வந்தவை அல்ல, காகிதத்தின் நாரால் வந்தவை.

பிரித்தானியரும் போயர் எனப்பட்ட டச்சு வழிவந்த குடியேறிகளும் மோதிய தென்னாப்பிரிக்கப் போரிலும் இதே கதைதான், களம் மட்டும் பெரிது. போர் 1899 அக்டோபர் 11இல் தொடங்கியது. மூன்றாம் நாளே, அக்டோபர் 14 அன்று, பிரித்தானியத் தளபதி புல்லர் ஏறிய ‘டனோட்டர் காசில்’ கப்பலில் டபிள்யூ. கே. எல். டிக்சன் என்பவரும் ஏறினார். எடிசனிடம் இருந்தபோது அவருடைய இயங்குபடக் கருவியை உருவாக்கிய அதே டிக்சன், இப்போது பிரித்தானிய பயோகிராஃப் நிறுவனத்தின் ஆள். அவர் கொண்டுசென்ற கருவி மின்கலங்களால் இயங்குவது, மாட்டு வண்டியோ குதிரை வண்டியோ இல்லாமல் நகராதது. அகலமான சுருளில் எடுத்ததால் அதன் படத்தெளிவு அந்தக் காலத்தில் எதற்கும் ஈடில்லாதது. ஆனால் அவ்வளவு பெரிய பொருளை ஒரு மேட்டில் ஏற்றி நிறுத்தினால் எதிரிப் பீரங்கிக்கு அதைவிட நல்ல குறி வேறு கிடைக்காது. தொலைநோக்கு லென்ஸ் பொருத்தியும் டிக்சன் முயன்றார். கடைசியில் கையில் நின்றவை பெரும்பாலும் படையின் பின்புறக் காட்சிகள்: கடற்படைப் பீரங்கிகள் சுடுவது, 1900 ஜனவரியில் ஸ்பியோன் காப் சண்டையின்போது மருத்துவ வண்டிகள் துகேலா ஆற்றைக் கடப்பது. அதே சண்டையில் காயம்பட்டவர்களைத் தூக்குக் கட்டிலில் சுமந்தவர்கள் காந்தி முன்நின்று திரட்டிய நேட்டால் இந்திய மருத்துவ உதவிப்படையினர். ஏறத்தாழ ஆயிரத்து நூறு பேர் கொண்ட அந்தப் படையில் ஒப்பந்தக் கூலிகளே மிகுதி, சென்னைத் துறைமுகம் வழியாகச் சென்ற தமிழர்களும் அவர்களில் அடக்கம்.

லண்டனில் இருந்த ஆர். டபிள்யூ. பால் இதே காலத்தில் செய்த வேலை உங்கள் கேள்விக்கு நேரடியாகப் பொருந்துவது. 1899இல் அவர் போயர் போர் நிகழ்ச்சிகளை இங்கிலாந்திலேயே நடித்துப் படமெடுத்தார், ஆனால் விற்பனைப் பட்டியலில் அவை மறுஆக்கங்கள் என்று வெளிப்படையாகவே குறிப்பிட்டார். அடுத்த ஆண்டு படைத்துறையின் ஒத்துழைப்போடு, ஆள் சேர்ப்பில் தொடங்கிப் பல பிரிவுகளின் பயிற்சி வரை ஒரு படைவீரர் எப்படி உருவாகிறார் என்பதைக் காட்டும் குறும்படத் தொடர் ஒன்றை எடுத்து, 1900 செப்டம்பரில் லண்டன் அல்ஹாம்ப்ரா அரங்கில் திரையிட்டார். அதன் பெயரே ‘படைவாழ்வு, அல்லது படைவீரர்கள் எப்படி உருவாக்கப்படுகிறார்கள்’ என்பதுதான். படைப்பயிற்சியைப் பற்றித் திட்டமிட்டு எடுத்த தொடக்ககால ஆவணப்படம் ஒன்றைச் சுட்டிக்காட்ட வேண்டுமானால் இதைத்தான் சொல்வேன். வருத்தம் என்னவென்றால் இன்று அதில் சிறு பகுதியே எஞ்சியிருக்கிறது. படை அணிவகுப்பையும் கவாத்தையும் பார்க்கவா மக்கள் வருவார்கள் என்று பாதுகாக்க யாரும் நினைக்கவில்லை போலும். நடித்துக் காட்டிய வீரச் சண்டைகளுக்கு இருந்த கிராக்கி இதற்கு இருக்கவில்லை.

வடஇங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரில் மிட்செல், கென்யன் என்ற இருவர் அதே ஆண்டுகளில் ஊர்ப்புறத்து வயல்வெளிகளில் போயர் சண்டைகளை நடித்தெடுத்தார்கள். போருக்குப் போய்த் திரும்பிய உள்ளூர்ப் படைப்பிரிவுகளின் வரவேற்பு ஊர்வலங்களையும் அவர்களே எடுத்தார்கள். 1994இல் ஒரு பழைய கடையின் நிலவறையில் உலோகப் பீப்பாய்களில் அவர்களுடைய எண்ணூறுக்கு மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள் கிடைத்தன. ஒரே நிறுவனம், ஒரே கருவி, அசலும் போலியும் அடுத்தடுத்து. எது எது என்று பிரித்துச் சொல்ல அந்தப் பீப்பாய்கள் நல்ல பாடசாலை.

முதல் உலகப் போரில் நிலைமை சற்று மாறியது, ஆனால் உடனே மாறவில்லை. பிரான்ஸில் போரிட்ட இந்தியப் படைகளைப் படமெடுக்க 1915 கோடையில் கிர்ட்வுட் என்ற ஒளிப்படக்காரர் சென்றார். கூர்க்காக்கள் பதுங்குகுழியிலிருந்து பாய்வதாக அவர் எடுத்த புகழ்பெற்ற காட்சிகள் முன்னணியிலிருந்து பின்தள்ளி, மெர்வில் நகருக்கு அருகே பயிற்சியாக நடத்திக் காட்டப்பட்டவை. இன்றும் இந்திய வீரர்களின் முதல் உலகப் போர் என்று நம் பத்திரிகைகளில் வெளியாகும் ‘சண்டை’ப் படங்களில் இவை அடிக்கடி தலைகாட்டுகின்றன. அதே ஆண்டு டிசம்பர் 29 அன்று லண்டனில் திரையிடப்பட்ட ‘ஆயத்தமான பிரிட்டன்’ என்ற நீண்ட படம், பிரித்தானியப் போர் அமைச்சர் கிச்சனர் திரட்டிய புதுப்படையின் பயிற்சியையும் கடற்படையையும் காட்டியது. கடற்படைப் பகுதிகள் சில வண்ணத்தில்கூட இருந்தன. சார்லஸ் அர்பன் தயாரித்த அந்தப் படத்தில் பயிற்சி பயிற்சியாகவே காட்டப்பட்டது, யாரையும் ஏமாற்றவில்லை.

ஏழு மாதம் கழித்து, பிரான்ஸின் சொம் ஆற்றுப் பகுதியில் நடந்த சண்டையைப் பற்றி வந்த ‘சொம் போர்’ என்ற படத்தில்தான் கோடு அழிந்தது. ஜெஃப்ரி மாலின்ஸ், ஜான் மெக்டவல் என்ற இருவர் 1916 ஜூலை 1 தாக்குதலை ஒட்டி எடுத்த இந்தப் படம் ஆகஸ்டில் வெளியாகி, முதல் ஆறு வாரங்களில் இரண்டு கோடிப் பேர் அளவில் பார்த்த படம். அதில் மிகப் பெரும்பகுதி அசல். ஆனால் எல்லோர் நினைவிலும் நிற்கும் காட்சி, வீரர்கள் பதுங்குகுழி விளிம்பில் ஏறிப் புகைக்குள் போக, ஒருவர் ஏறும்போதே சரிந்து குழிக்குள் விழும் அந்தச் சில நொடிகள், முன்னணிக்குப் பின்னால் இருந்த ஒரு பயிற்சிப் பள்ளியில் எடுக்கப்பட்டவை. கூர்ந்து பார்த்தால் தெரியும்: தாக்குதலுக்குப் போகிறவர்கள் சுமக்க வேண்டிய முதுகுமூட்டை அவர்களிடம் இல்லை, குழியின் ஆழமும் போதாது, கருவியோ குண்டு பாயும் திறந்த வெளியில், குழிக்கு வெளியே நிற்கிறது. கலோக்கான் படத்துக்கு வைத்த அதே சோதனை பதினேழு ஆண்டு கழித்தும் செல்லுபடியாகிறது.

அதே படத்தில் மாலின்ஸ் உண்மையாகவே ஜூலை 1 அன்று எடுத்த தாக்குதல் எப்படி இருக்கிறது தெரியுமா? தொலைவில் ஒரு சரிவு, அதில் எறும்பு அளவுக்குச் சில உருவங்கள் மெல்ல நகர்கின்றன, சில நகராமல் நின்றுவிடுகின்றன. அவ்வளவுதான். அதற்குச் சற்று முன் எடுத்த இன்னொரு காட்சியில், ஒரு பள்ளமான பாதையில் லங்காஷயர் படையினர் உட்கார்ந்து ஆணைக்காகக் காத்திருக்கிறார்கள். சிலர் கருவியைப் பார்க்கிறார்கள், ஒருவரும் வீரம் காட்டவில்லை. பயிற்சிப் பள்ளியின் சில நொடிகளுக்கு முன் இந்தக் காட்சியை வைத்துப் பார்த்தால், தொகுத்தவர்களுக்கு ஏன் நடிப்பு தேவைப்பட்டது என்பதும் புரியும், ஏன் தேவைப்பட்டிருக்கக் கூடாது என்பதும் புரியும்.

பழைய சுருள்களைப் பார்ப்பவர்களுக்கு வேறு சில எச்சரிக்கைகளையும் சொல்ல வேண்டும். அணிவகுப்பவர்கள் பொம்மைகள்போல் வெட்டி வெட்டி ஓடுவது படைகளின் குற்றமல்ல. நொடிக்கு 16 சட்டகமாக எடுத்ததை 24ஆக ஓட்டும்போது நேரும் கோளாறு. அந்தக் காலத்துச் சுருள் சிவப்பை உணராது. எனவே பிரித்தானியரின் சிவப்புச் சட்டை கறுப்பாகத் தெரியும். அதை வைத்து இது வேறு நாட்டுப் படை என்று முடிவு கட்டியவர்களைப் பார்த்திருக்கிறேன். அடர்ந்த வெண்புகை தெரிந்தால் வெற்றுத் தோட்டா என்று எண்ணத் தோன்றும், பல நேரம் அது சரியாகவும் இருக்கும். ஆனால் 1898இல் அமெரிக்கத் தன்னார்வப் படைகள் பலவற்றின் கையில் வெண்புகை கிளப்பும் பழைய கருமருந்துத் துப்பாக்கிகளே இருந்தன என்பதால், புகை ஒன்றையே சான்றாகக் கொள்ள முடியாது. கருவி நிற்கும் இடம்தான் எப்போதும் நம்பகமானது.

கடைசியாக, தாம்பா சுருள்களில் ஒன்றை நீங்கள் தேடிப் பார்க்க வேண்டும் என்று விரும்புகிறேன். ‘மஸ்காட்’ என்ற கப்பல் தாம்பாத் துறையில் நிற்கிறது. கறுப்பின வீரர்களைக் கொண்ட 24ஆம் காலாட்படைப் பிரிவினர் ஒருவர்பின் ஒருவராக இறங்குகிறார்கள். கடல்மட்டம் ஏறியிருப்பதால் இறங்குபலகை செங்குத்தாகிவிட்டது. தோளில் துப்பாக்கியும் மூட்டையுமாக அவர்கள் ஒவ்வோர் அடியாகப் பார்த்து வைக்கிறார்கள். அந்த எச்சரிக்கையைப் பார்த்தால் சிரிப்பு வரும் என்று எடிசன் நிறுவனத்தின் விற்பனைப் பட்டியல் எழுதியது. மறு ஆண்டு அதே நிறுவனம் கலோக்கான் படத்தில் கறுப்பின மனிதர்களைத் தோற்று ஓடும் எதிரிகளாக நிறுத்தியது. இடைப்பட்ட காலத்தில், 1898 ஜூலை 1 அன்று, அந்தச் செங்குத்துப் பலகையில் இறங்கிய பிரிவு கியூபாவில் சான் ஹுவான் குன்றின்மேல் குண்டு மழைக்குள் ஏறியது. அவர்கள் ஏறியதைப் பிடித்த சுருள் கிடையாது. இறங்கியது மட்டும் இருக்கிறது.